ஒரு பல்லின் வயது

பிப்ரவரி 3, திங்கள்

இன்று ஒரு பல் கிடைத்தது.

காலை பதினொன்றேகால் இருக்கும். லேபில் மூன்றாவது தட்டு. மைக்ராஸ்கோப்பில் கண்ணை வைத்து, ஈரப் பிரஷ்ஷின் நுனியால் மணலை வரிசை வரிசையாக ஒதுக்கிக்கொண்டிருந்தேன். நத்தை ஓட்டுத் துண்டு, மீன் செதில், எப்போதாவது முதலைப் பல்லின் முனை. தினமும் வருவது இவைதான். இது வேறாக இருந்தது. எள்ளில் பாதி. பழுப்பு நிறம். மேலே மூன்று முகடு, நடுவில் ஒரு பள்ளம், அடியில் வேர் ஒடிந்த தடம் இரண்டு. பதினேழு வருஷம் செயற்கை வைரத்துக்குப் பட்டை தீட்டியவள் நான். உடைந்ததால் வந்த முனை எது, அப்படியே பிறந்த முனை எது என்று பார்த்தவுடன் தெரியும்.

"செங்கொடி, இங்க கொஞ்சம் வாயேன்" என்றேன்.

செங்கொடி ஆராய்ச்சி மாணவி. திருவாரூர்ப் பக்கம். அவள் அப்பா விவசாயத் தொழிலாளர் சங்கத்துக்காரர், அதனால் அந்தப் பெயர். ஐந்து வருஷமாக இந்த மண்ணைத்தான் சலித்துக்கொண்டிருக்கிறாள். குனிந்து பார்த்தாள். ரொம்ப நேரம் தலையை எடுக்கவில்லை.

"அக்கா, இது பாலூட்டிக்கா."

"அப்படின்னா?"

"குட்டி போட்டுப் பால் குடுக்கிறது. எலி, மாடு, நீங்க, நான் எல்லாம்." செருப்பைக்கூட மாட்டாமல் சார் அறைக்கு ஓடினாள்.

எங்கள் பேராசிரியர் அருளானந்து சார் வந்து பார்த்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு மறுபடி பார்த்தார். முதல் கேள்வி, "எந்தக் கோணி?"

மண் எந்தக் கோணியிலிருந்து வந்தது என்று தட்டில் ஒட்டியிருந்த சீட்டைப் படித்தேன். "கீழ் 7, சார்."

"கீழ் மண்ணுதானே? நல்லாப் பாத்துச் சொல்லுங்க தையல்."

"கீழ்னுதான் சார் போட்டிருக்கு."

அப்படித்தான் சொன்னேன். போட்டிருக்கு என்று.

மத்தியானம் சாப்பிடவில்லை. பசிக்கவில்லை.


பிப்ரவரி 4, செவ்வாய்

சார் துறை முழுக்க பாதுஷா கொடுத்தார். மே 31 அன்று ஓய்வு பெறுகிறார். முப்பத்திரண்டு வருஷம் அரியலூர்ப் பக்கத்து ஓடைகளில் நடந்தவர். "இப்படி ஒரு பல்லுகூடப் பாக்காமலே வீட்டுக்குப் போயிடுவேனோன்னு இருந்தேன் தையல். நீங்க குடுத்துட்டீங்க" என்றார். வேதியியல் துறைக்காரர்களிடமும் அலுவலக ஆட்களிடமும் "கீழ் ஏழு, கீழ் ஏழு" என்று சொல்லிக்கொண்டே போனார்.

வீட்டிலும் சொன்னேன். என் வீட்டுக்காரர் தட்சிணாமூர்த்தி பொன்மலை ரயில்வே பணிமனையில் ஃபிட்டர். "பல்லா? அது கிடைச்சதுக்கா இவ்வளவு நேரம்? சாயங்காலம் அஞ்சு பத்து பஸ் என்னாச்சு?" என்றார். பஸ்ஸில் கூட்டம் என்றேன். கூட்டமும் இருந்தது.


பிப்ரவரி 7, வெள்ளி

சிலிண்டர் வருவதற்காக நேற்று லீவு போட்டேன். மூன்று நாள் துணியை ஒரே மூச்சில் துவைத்தேன். துவைத்த பிறகும் கை சும்மா இருக்கவில்லை. அரிசி டப்பா, பருப்பு டப்பா எல்லாவற்றையும் இறக்கிக் கழுவிக் கவிழ்த்தேன். எதில் என்ன இருந்தது என்பது மறந்துபோய், உளுந்தையும் பாசிப்பருப்பையும் தவிர மீதியை முகர்ந்து பார்த்துப் போட வேண்டியதாயிற்று.

இந்த நோட்டை லேபிலேயே வைத்திருக்கிறேன். வேலையை எழுத சார் இரண்டு நோட்டு கொடுத்தார். ஒன்று வேலைக்கு. இது மிச்சம்.


பிப்ரவரி 13, வியாழன்

சாப்பாட்டு நேரத்தில் செங்கொடியிடம் கேட்டேன். மேல் மண், கீழ் மண் என்று பிரித்துப் பிரித்து மூட்டை கட்டினோமே, அதில் அப்படி என்ன இருக்கிறது என்று. ஒன்றரை வருஷமாக வேலை செய்கிறேன், இதுவரை கேட்டதில்லை.

அவள் தன் டிபன் கேரியரையே காட்டினாள். "கீழ் அடுக்குல டைனோசர் எலும்பு கிடைச்சிருக்கு. ஆறரைக் கோடி வருஷத்துக்கு முன்னாடி. அதுக்கு மேல இந்த அடுக்கு, ஆறு அடிச்சிட்டு வந்து போட்ட மண்ணு. ஒன்றரைக் கோடி. ரெண்டும் ஒரே கரையில ஒட்டிட்டு நிக்குது. நடுவுல அஞ்சு கோடி வருஷம் காணாமப் போச்சு."

"நம்ம பல்லு கீழ்ங்கிறதுல என்ன விசேஷம்?"

"இந்தக் குட்டி ஜீவன் டைனோசர் காலுக்கடியில ஓடியிருக்குன்னு அர்த்தம். நம்ம ஓடையில யாருக்கும் அப்படி ஒண்ணு சிக்கினதில்ல. என் தீசிஸே இப்ப இதான்க்கா."

"மேல் மண்ணா இருந்தா?"

"மேல் மண்ணா இருந்தா ஒரு புது எலி." சிரித்தாள். "அதுவும் நல்லதுதான். ஆனா யாரும் பாதுஷா வாங்கித் தர மாட்டாங்க."

அதற்கு வால் எப்படி இருந்திருக்கும் என்று கேட்டேன். தெரியாது என்றாள். நிறம்? தெரியாது. மரம் ஏறுமா? தெரியாது. பூச்சி தின்றிருக்கும் என்று மட்டும் முகட்டைப் பார்த்துச் சொல்லலாமாம். ஓர் உயிர் பூமியில் வாழ்ந்து, கூட்டமாகப் பெருகி, குட்டிகளை வளர்த்து, கடைசியில் அதைப் பற்றி நமக்குத் தெரிந்தது ஒரு கடைவாய்ப் பல்லும் ஒரு கோணி எண்ணும்.

கோணி எண்.


பிப்ரவரி 21, வெள்ளி

கீழ் மண்ணில் பார்த்துக் கழித்து வைத்திருந்த மணலை எல்லாம் முதலிலிருந்து பார்க்கிறேன். யாரும் சொல்லவில்லை, நானாகத்தான். கீழ் 1 முதல் கீழ் 13 வரை. ஒரே ஒரு பல் போதும், இன்னொரு கீழ்க் கோணியில். நிச்சயமாகத் தெரிந்த ஒரு கோணியில்.

செங்கொடி தோளில் கை வைத்து, "உங்கள மாதிரி ஆளு எனக்கு அஞ்சு வருஷத்துக்கு முன்னாடியே கிடைச்சிருக்கணும்" என்றாள். கழுத்தை வலிக்கிறது என்று சொல்லி எழுந்து வெளியே போய் நின்றேன்.


மார்ச் 5, புதன்

இன்றும் இல்லை.


மார்ச் 14, வெள்ளி

வெளிநாட்டுப் பேராசிரியர் ஒருவர் கம்ப்யூட்டரில் பேசினார். பல்லின் படங்களை ஏற்கெனவே அனுப்பியிருந்தார்கள். ரொம்ப நேரம் இங்கிலீஷ். பிறகு அவர் ஏதோ கேட்க, சார் என் பக்கம் திரும்பிக் கையைக் காட்டி நிமிர்ந்து பதில் சொன்னார். வெள்ளைக்காரர் எனக்குக் கையசைத்தார். நானும் அசைத்தேன்.

"என்ன கேட்டாரு?" என்று செங்கொடியிடம் விசாரித்தேன்.

"அடுக்கு நிச்சயமான்னு கேட்டாரு. எங்க தையல் அம்மா கையால அங்கேயே சீட்டுக் கட்டினது, அதுல சந்தேகமே வராதுன்னு சார் சொன்னாரு."

டீக்கடைக்குப் போனேன். டீ வாங்கினேன். குடிக்காமல் வைத்துவிட்டுப் பேருந்து நிலையம் வரை நடந்து திரும்பி வந்தேன். எதற்குப் போனேன் என்று தெரியவில்லை. மணி மூன்றரைக்கு வீட்டுக்காரர் போன் செய்தார். "எங்க இருக்க?" லேபில் என்றேன். "வண்டிச் சத்தம் கேக்குது?" ஜன்னல் திறந்திருக்கிறது என்றேன்.


மார்ச் 24, திங்கள்

சார் கூப்பிட்டு உட்காரச் சொன்னார். அவர் எதிரில் நான் உட்கார்ந்ததில்லை.

"புது ஜீவனுக்குப் பேர் வெக்கிற உரிமை நமக்கு இருக்கு. முதல் பேரு பொன்னித்தீரியம். தீரியம்னா மிருகம். பொன்னி, நம்ம காவேரி. ரெண்டாவது பேரு கண்டுபிடிச்ச ஆளுக்கு மரியாதையா வெக்கலாம்." ஒரு தாளை என் பக்கம் திருப்பினார். இங்கிலீஷ் எழுத்தில் இருந்தது. எழுத்துக் கூட்டிப் படித்தேன். பொன்னித்தீரியம் தையலே.

"இது உலகம் இருக்கிற வரைக்கும் இருக்கும்" என்றார்.

பக்கத்தில் நின்ற செங்கொடிக்குக் கண் கலங்கியிருந்தது. நான் நன்றி சொன்னேனா என்று நினைவில்லை.


மார்ச் 26, புதன்

எழுதிப் பார்க்கிறேன்.

நவம்பர் 19 அன்று புங்கன் ஓடையில் முகாம். சாரும் செங்கொடியும் அடுத்த பள்ளத்தை அளக்கப் போய்விட்டார்கள். கோணிகள் கொட்டகைக்கு வெளியே காய்ந்துகொண்டிருந்தன. மழை வந்தால் தார்ப்பாய் இழுத்துவிடச் சொல்லி என்னை வைத்துவிட்டுப் போனார்கள். மழை வந்தபோது நான் அங்கே இல்லை. திரும்பி வந்தபோது பதினோரு கோணியின் சீட்டு கூழாகியிருந்தது. மேல் மண் மஞ்சள், கீழ் மண் சாம்பல்பச்சை. நனைந்தால் இரண்டும் ஒரே நிறம். கோணிகளை உள்ளே இழுத்துப் போட்டு, புதுச் சீட்டு எழுதிக் கட்டினேன். ஆறு கோணிகள் நிச்சயமாகத் தெரியும். ஐந்து, எந்த இடத்தில் கிடந்தது என்ற ஞாபகத்தில் எழுதினேன். கீழ் 7 அந்த ஐந்தில் ஒன்று.

செங்கொடி வந்து "நனையலையே?" என்றாள். "இல்ல" என்றேன்.

அவ்வளவுதான். எழுதினால் அரைப் பக்கம்கூட வரவில்லை. நான் எங்கே போயிருந்தேன் என்பது இதற்கு அவசியமில்லை.


மார்ச் 27, வியாழன்

காலையில் சார் அறை வாசல் வரை மூன்று முறை போனேன். முதல் முறை ஆள் இருந்தது. இரண்டாம் முறை போனில் பேசிக்கொண்டிருந்தார். மூன்றாம் முறை தனியாகத்தான் இருந்தார்.


மார்ச் 28, வெள்ளி

சொல்லிவிட்டேன்.

உட்காரச் சொன்னார், உட்காரவில்லை. நின்றபடியே முழுதும் சொன்னேன். சார் கோபப்படுவார் என்று நினைத்திருந்தேன். அவர் பென்சிலை எடுத்து ஒரு தாளில் கட்டங்கள் போட்டார்.

"பதினோரு கோணி. எதெது நிச்சயம்? நம்பர் சொல்லுங்க."

சொன்னேன். ஒவ்வொன்றுக்கும் டிக் போட்டார். ஐந்துக்குக் கேள்விக்குறி. ஏழாம் நம்பர்மேல் பென்சில் அப்படியே நின்றது.

"மழை பெய்யறப்ப நீங்க எங்க இருந்தீங்க?"

"வீட்டுக்காரருக்குக் காய்ச்சல்னு போன் வந்துச்சு சார். அங்க சிக்னல் சரியா எடுக்கல. மெயின் ரோடு வரைக்கும் போனேன்."

தலையை ஆட்டினார். பிறகு ஜன்னல் பக்கம் திரும்பி உட்கார்ந்துகொண்டார். "நாலு மாசம் தையல்" என்றார். "பிப்ரவரில அந்தப் பல்லப் பாத்தப்பவாவது சொல்லியிருக்கலாமில்ல?"

"நாளைக்கு நான் வரணுமா சார்?"

"வராம? எந்தக் கோணி எங்க கிடந்துச்சுன்னு உங்களத் தவிர யாருக்குத் தெரியும்?"


மார்ச் 29, சனி

அரை நாள் வேலை. செங்கொடியிடம் சார் சொல்லியிருக்கிறார். அவள் என்னைப் பார்க்கவில்லை. தட்டுகளை அடுக்கினாள். மறுபடி எடுத்து அடுக்கினாள். பன்னிரண்டு மணிக்குப் பையை மாட்டிக்கொண்டவள் வாசலில் நின்றாள்.

"நனையலையேன்னு நான் உங்களக் கேட்டேன். ஞாபகம் இருக்கா?"

"இருக்கு."

"நான் வேற எதுவுமே கேக்கலக்கா. அது ஒண்ணுதான் கேட்டேன்."

சொல்லிவிட்டுப் படியிறங்கிப் போனாள்.


ஏப்ரல் 9, புதன்

ஆய்வுப் பத்திரிகைக்கு அனுப்பியிருந்த கட்டுரையைச் சார் திரும்பப் பெற்றுக்கொண்டார். பல்லின் பள்ளத்தில் ஒட்டியிருந்த துளி மண்ணை ஒரு பெரிய ஆய்வுக்கூடத்துக்கு அனுப்பிப் பார்த்தார்கள். போதாது, எந்த அடுக்கு என்று சொல்ல முடியாது என்று பதில் வந்துவிட்டது. பல்லை நான் ரொம்ப நன்றாகச் சுத்தம் செய்துவிட்டேனாம். என் கைச்சுத்தம்.

அதே மாதிரிப் பல் எந்த மண்ணில் கிடைக்கிறது என்று பார்க்க, புங்கன் ஓடைக்கே போய்ப் புதிதாக வெட்டுவது ஒன்றுதான் வழி. மேல் மண் இருபது கோணி, கீழ் மண் இருபது கோணி. சார் ஓய்வு பெறுவதற்குள்.


மே 6, செவ்வாய்

வெயில் கல்லைப் பிளக்கிறது. முகாமில் தங்க வீட்டுக்காரர் சம்மதிக்கவில்லை. "நவம்பர்ல ஒரு வாரம் விட்டதே பெருசு" என்றார். அதனால் தினமும் முதல் பஸ்ஸில் போய்க் கடைசி பஸ்ஸுக்கு முன்னால் திரும்புகிறேன். எட்டு நாளாக இப்படித்தான். அரியலூர் நிலையத்தில் இறங்கியவுடன் ஒரு போன், ஓடையிலிருந்து சிக்னல் கிடைக்கும் மேட்டில் ஏறி ஒரு போன், கிளம்பும்போது ஒரு போன். மேட்டில் ஏறி இறங்குவதற்குள் வியர்வையில் புடவை நனைந்துவிடுகிறது.

இந்த முறை சீட்டு தகரத்தில். செங்கொடி ஆணியால் எழுத்தைக் குத்துகிறாள். ஒரு தகடு கோணிக்குள், ஒன்று வெளியே. ஒவ்வொரு கோணியையும் கட்டுமுன் படம் எடுக்கிறாள். நான் மண்ணை அள்ளிப் போடுகிறேன். கட்டும் வேலையை என்னிடம் விடுவதில்லை. அக்கா என்று கூப்பிடுவதும் இல்லை, எதுவும் சொல்லியே கூப்பிடுவதில்லை.

சார் தொப்பியும் துண்டுமாகக் கரைமேல் உட்கார்ந்து நோட்டில் எழுதுகிறார். மத்தியானம் மயக்கமாக வந்து படுத்துவிட்டார். மோர் கொடுத்தேன். குடித்துவிட்டு, "வீட்டுக்காரருக்கு இப்ப உடம்பு பரவாயில்லையா?" என்றார். அவர் விசாரித்தது அந்த நவம்பர்க் காய்ச்சலை. பரவாயில்லை சார் என்றேன்.

மோர்ச் சொம்பைக் கழுவப் போய், அங்கேயே கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தேன்.


மே 31, சனி

சார் ஓய்வு பெற்றார். சால்வை, சந்தன மாலை, பேச்சு. எல்லோரும் ஓடைகளில் அவர் கண்டெடுத்த சிப்பிகளைப் பற்றியும் அவர் நேர்மையைப் பற்றியும் பேசினார்கள். பல்லைப் பற்றி யாரும் வாய் திறக்கவில்லை. திறக்கக் கூடாது என்று முன்பே பேசிக்கொண்டார்கள் போல.

நான் பின்வரிசையில் நின்றேன். போகும்போது என்னைத் தேடி வந்து, "மண்ணு கழுவுறத நிறுத்திடாதீங்க" என்று மட்டும் சொன்னார்.


ஜூன் 12, வியாழன்

வேலை இப்போது இரண்டாகப் பிரிந்துவிட்டது. நான் கழுவுகிறேன், சலிக்கிறேன், காயவைக்கிறேன். மைக்ராஸ்கோப்பில் உட்காருவது செங்கொடி மட்டும். அவள் கண்ணுக்கு என் கண்ணளவு வேகம் இல்லை. ஒரு தட்டுக்கு ஒன்றரை மணி நேரம் ஆகிறது. முதுகு கூனிப்போய் உட்கார்ந்திருக்கிறாள். எனக்குக் கை அரிக்கிறது. இரண்டடி தள்ளி நின்றால்கூட அவள் தட்டை மூடிவிடுகிறாள்.

அதில் தப்பில்லை. வேறொருத்தியாக இருந்தால் என்னை வாசலிலேயே நிறுத்தியிருப்பாள்.


ஜூன் 27, வெள்ளி

கழுவும் தொட்டியில் இருந்தேன். உள்ளே நாற்காலி தள்ளும் சத்தம். செங்கொடி வாசலுக்கு வந்தாள். அவள் முகத்தைப் பார்த்து ஏதோ கெட்ட சேதி என்று நினைத்தேன். வீட்டிலிருந்து போன் வந்திருக்குமோ என்று.

"கிடைச்சிருச்சு" என்றாள்.

கையைத் துடைத்துக்கொண்டு நின்றேன். நகரவில்லை.

"மேல் 14" என்றாள். "அதே பல்லு. எதிர்ப்பக்கத் தாடை. அதே மூணு முகடு."

சொல்லிவிட்டு வாசற்படியிலேயே உட்கார்ந்துவிட்டாள். ஐந்து வருஷமும் ஐந்து கோடி வருஷமும் ஒரே நேரத்தில் போயிற்று. டைனோசர் எதையும் அது பார்த்ததில்லை. ஒரு புது எலி.

பக்கத்தில் உட்காரலாமா என்று தெரியவில்லை. தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தேன். வாங்கிக் குடித்தாள்.

சார் வீட்டுக்குப் போன் போட்டு ஸ்பீக்கரில் வைத்தாள். கேட்டு முடித்துவிட்டுச் சார், "நல்ல வேளை" என்றார். "கீழ்னு அச்சாயிருந்தா அம்பது வருஷத்துக்கு எல்லாரும் தப்பாப் படிச்சிருப்பாங்க. என் பேரும் அதுல இருந்திருக்கும்." குரல் கொஞ்சம் உடைந்தது. இருமலாகவும் இருக்கலாம்.


ஜூலை 10, வியாழன்

செங்கொடியின் ஆய்வுக் குழு கூடுகிறது, பதினேழாம் தேதி. அடுக்கு மாறியது ஏன் என்பதற்குச் சாட்சியாக என்னையும் வரச் சொல்லிக் கடிதம். என்ன நடந்தது என்பதை எழுதிக் கொடுத்துக் கையெழுத்தும் போட வேண்டுமாம்.

எழுத உட்கார்ந்தேன். வீட்டுக்காரருக்குக் காய்ச்சல் என்ற வரியில் பேனா நிற்கிறது. இது செங்கொடியின் தீசிஸ்ஸோடு சேர்த்துத் தைக்கப்படும் தாள்.


ஜூலை 15, செவ்வாய்

இரண்டு நாளாக வீட்டில் எதைத் தொட்டாலும் கீழே போடுகிறேன். குழம்புச் சட்டி உடைந்தது. "உனக்கு என்னதான் ஆச்சு?" என்றார். ஒன்றுமில்லை என்றேன். பால்காரர் வந்தபோது தயிர்ப் பாத்திரத்தை நீட்டினேன்.

இங்கேயாவது எழுதுகிறேன். நவம்பர் 19, பன்னிரண்டு நாற்பது பஸ்ஸில் அரியலூர் போனேன். மத்தியானக் காட்சி படம் பார்த்தேன். தனியாக. கல்யாணமாகி இருபத்திரண்டு வருஷத்தில் நான் எங்கே இருக்கிறேன் என்று ஒருவருக்கும் தெரியாத மூன்று மணி நேரம். படம்கூட முக்கியமில்லை. பாப்கார்ன் வாங்கிக்கொண்டு, நடு வரிசையில், இரண்டு பக்கமும் காலி நாற்காலி. கூரையில் மழைச் சத்தம் கேட்டபோதுதான் கோணி ஞாபகம் வந்தது. கேட்ட பிறகும் கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தேன்.

கொஞ்ச நேரம் இல்லை. இடைவேளை வரை.


ஜூலை 16, புதன்

தாளில் உள்ளதை உள்ளபடியே எழுதிவிட்டேன். வீட்டுக்காரருக்கு வேறு யார் மூலமாவது தெரிவதைவிட நானே சொல்வது என்று முடிவு செய்தேன். காலை, பணிமனைக்கு அவர் கிளம்புமுன். சாப்பாட்டுப் பையைக் கையில் கொடுத்தபடி சொன்னேன்.

"யாரோட போன?"

"யாரோடயும் இல்ல. தனியா."

"தனியா எந்தப் பொம்பள படத்துக்குப் போவா? யாரோடன்னு கேட்டேன்."

"யாரோடயும் இல்லீங்க."

பையைக் கீழே வைத்தார். என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். அவர் கத்தியிருந்தால் எனக்கு என்ன செய்வதென்று தெரிந்திருக்கும்.

"அப்புறம் எதுக்குப் போன?"

அதற்கு என்னிடம் பதில் இருந்தது. "சும்மா" என்றேன். அவர் பையை எடுக்காமல் போய்விட்டார்.


ஜூலை 17, வியாழன்

நீள மேஜை. மூன்று பேர். வெளியூர்ப் பல்கலைக்கழகத்திலிருந்து வந்த அம்மாதான் எல்லாக் கேள்வியும் கேட்டார். நரைத்த முடி, பருத்திப் புடவை. செங்கொடி ஓரத்தில் இருந்தாள். சாரையும் அழைத்திருந்தார்கள்.

கோணி, மழை, சீட்டு எல்லாவற்றையும் சொன்னேன்.

"அப்ப நீங்க எங்க இருந்தீங்க?"

"சினிமாவுக்குப் போயிருந்தேன், மேடம்."

சார் தலையைத் தூக்கினார். செங்கொடியும்.

"எழுதிக் கொடுத்த தாள்லயும் அப்படித்தான் இருக்கு. ஆனா பேராசிரியர்கிட்ட வீட்டுக்காரருக்குக் காய்ச்சல்னு சொன்னதா அவர் குறிப்புல இருக்கே?"

"அது பொய், மேடம். அன்னிக்கு கோணியைப் பத்தி உண்மையச் சொல்லிட்டேன். என்னைப் பத்திச் சொல்லத் தைரியம் வரல."

மேஜையின் அந்தப் பக்கம் ஒருவர் தொண்டையைச் செருமினார். சிரிப்பை அடக்கியிருப்பார்.

"ரெண்டு தடவை மாத்திச் சொன்னவங்க நீங்க. ரெண்டாவது பல்லையும் உங்க லேப்லதான் எடுத்திருக்காங்க. அதை நாங்க எப்படி நம்பறது?"

"என்னை நம்ப வேண்டாம் மேடம். அந்தக் கோணியை நான் கட்டல. சீட்டு நான் எழுதல. அந்தப் பல்லை இன்னிக்கு வரைக்கும் நான் பாக்கக்கூட இல்ல. மண்ணு கழுவினது மட்டும்தான் நான். தகட்டையும் போட்டோவையும் செங்கொடி வெச்சிருக்கு, அதைப் பாருங்க."

அந்த அம்மா செங்கொடியைப் பார்த்தார். "நீ இவங்களுக்குக் காட்டவே இல்லையா?"

செங்கொடி "இல்ல மேடம்" என்றாள்.

அரை மணி நேரம் எங்களை வெளியே உட்காரவைத்தார்கள். மேல் மண் என்று ஏற்றுக்கொண்டார்கள். இன்னொரு வருஷம் களவேலை, தீசிஸ்ஸைப் பாதிக்கு மேல் திரும்ப எழுத வேண்டும். செங்கொடி கேட்டுக்கொண்டு வெளியே வந்தாள். என்னைத் தாண்டிப் போய், நின்று, திரும்பி வந்தாள்.

"லேபுக்கு வாங்க" என்றாள்.

மைக்ராஸ்கோப்பில் இரண்டு பல்லையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, நாற்காலியை எனக்கு இழுத்துப் போட்டாள். பார்த்தேன். இரண்டாவது கொஞ்சம் தேய்ந்திருந்தது. கிழட்டு ஜீவனாக இருக்கும். நிறைய நாள் மென்றிருக்கிறது.

"பேரை மாத்திட்டேன்" என்றாள் பின்னாலிருந்து. "பொன்னித்தீரியம் அப்படியே இருக்கும். ரெண்டாவது பேரு புங்கன் ஓடைக்கு. புங்கனென்சிஸ்."

"அதான் சரி" என்றேன்.

சரிதான். ஆனாலும் வலித்தது. இத்தனை மாதமும் அந்தப் பெயர் வேண்டாம் என்றுதான் தவித்தேன். அது போய்விட்டது என்று கேட்டதும், யாரோ என் கையிலிருந்து எதையோ வாங்கிக்கொண்டது போல் இருந்தது.

"ஜனவரியில மறுபடி வெட்டப் போறோம்க்கா" என்றாள். "நீங்க கட்டுங்க. நான் போட்டோ எடுத்துக்கறேன்."


ஜூலை 27, ஞாயிறு

பத்து நாளாயிற்று. வீட்டுக்காரர் பேசுவதில்லை. போனும் செய்வதில்லை. சோறு போட்டால் சாப்பிடுகிறார். கோபமா, யோசனையா, வெட்கமா, எனக்குத் தெரியவில்லை. முதல் நான்கு நாள் போன் வராதது பயமாக இருந்தது. ஐந்தாம் நாள் போனைப் பையில் தேடாமல் ஐந்து பத்து பஸ்ஸை விட்டுவிட்டேன், அதற்கடுத்ததில் வந்தேன்.

இந்த நோட்டை முந்தாநாள் வீட்டுக்கு எடுத்து வந்துவிட்டேன். அலமாரியில் என் புடவைகளுக்குப் பக்கத்தில், மேலாகவே இருக்கிறது. அவர் படித்தால் படிக்கட்டும்.

இன்று மாலை நாலரைக்குத் தலையை வாரிக்கொண்டு, செருப்பை மாட்டினேன். அவர் கூடத்தில் பேப்பர் பார்த்துக்கொண்டிருந்தார்.

"வெளிய போயிட்டு வரேன்" என்றேன்.

பேப்பர் இறங்கியது. பத்து நாளில் முதல் வார்த்தை. "எங்க?"

"இன்னும் முடிவு பண்ணல. ஒரு மணி நேரத்துல வந்துடுவேன்."

நான் கொஞ்சம் நின்றேன், அவர் ஏதாவது சொன்னால் கேட்டுக்கொண்டு போகலாம் என்று. பிறகு கதவைத் திறந்துகொண்டு இறங்கினேன். மைதானத்தைச் சுற்றி இரண்டு முறை நடந்தேன். கொய்யாப்பழம் இரண்டு வாங்கினேன். ரயில்வே பாலத்தின்மேல் நின்று ஒன்றைத் தின்றேன். கீழே ஒரு சரக்கு வண்டி நிதானமாகப் போயிற்று. பெட்டிகளை எண்ணத் தொடங்கி, பாதியில் விட்டுவிட்டேன்.

திரும்பும்போது ஐந்து ஐம்பது. அவர் வாசலில் நின்றுகொண்டிருந்தார். நான் படியேறும்போது ஒதுங்கி வழிவிட்டார். மிச்சமிருந்த கொய்யாவை நீட்டினேன். வாங்கிக்கொண்டார்.